வாசலில் யாரோ: மௌனப்படங்களில் அழையா விருந்தாளி



ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. கணவனும் மனைவியும் வீட்டில் ஓய்வாக இருக்கிறார்கள். எங்கும் போக வேண்டிய அவசியம் இல்லை; யாரையும் வரச் சொல்லவும் இல்லை. அந்த நேரம் பார்த்துக் கணவனின் நண்பன் கோல்ஃப் உடை உடுத்திக்கொண்டு வாசலில் வந்து நிற்கிறான். உள்ளே இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கிறார்கள். வீட்டில் ஆளில்லாதது போல் இருந்துவிடலாம் என்று முடிவாகிறது. இவர்கள் அசையாமல் நிற்க, அவன் கதவைத் தட்டுகிறான், காத்திருக்கிறான், மறுபடி தட்டுகிறான். கடைசியில் ஒரு சீட்டு எழுதிக் கதவுக்கு அடியில் செருகுகிறான். உள்ளே இருப்பவருக்குக் கை சும்மா இருக்கவில்லை. சீட்டு சரசரவென்று உள்ளே போவதை வெளியே நிற்பவன் பார்த்துவிடுகிறான்.

1928-ல் வெளியான ‘ஷுட் மேரீட் மென் கோ ஹோம்?’ என்ற மௌனப்படம் இப்படித்தான் தொடங்குகிறது. இரண்டு ரீல், ஓடும் நேரம் ஏறக்குறைய 20 நிமிடம். வெளியே நிற்பவர் ஸ்டான் லாரல். உள்ளே ஒளிந்திருப்பவர் ஆலிவர் ஹார்டி. மனைவியாக நடித்தவர் கே டெஸ்லிஸ். இயக்கியவர் ஜேம்ஸ் பேரட். கதையும் மேற்பார்வையும் லியோ மெக்கேரி. லாரலும் ஹார்டியும் அதற்கு முன்பே பல படங்களில் சேர்ந்து நடித்திருந்தாலும், ஹால் ரோச் நிறுவனம் அவர்களை ‘லாரல் – ஹார்டி’ என்று ஜோடியாக விளம்பரப்படுத்தி வெளியிட்ட முதல் படம் இதுதான். உலகம் முழுவதையும் சிரிக்க வைத்த ஒரு ஜோடியின் அதிகாரபூர்வமான தொடக்கமே அழையாத விருந்தாளி தட்டிய கதவில் நடக்கிறது என்பதை நான் தற்செயல் என்று எண்ணவில்லை. ஏன் என்று சொல்வதே இந்த உரையின் வேலை.

ஸ்லாப்ஸ்டிக் என்றதும் நம் நினைவுக்கு வருவது அடி, உதை, வழுக்கி விழுதல், முகத்தில் பழக்கூழ் அப்பம். அவையெல்லாம் உண்டு. ஆனால் விருந்தாளியைப் பற்றிய மௌனப்படங்களில் அடி விழுவதற்கு முன்னால் ஒரு நீண்ட அடக்கம் இருக்கிறது. வீட்டுக்கு ஒருவர் வந்து உட்கார்ந்துவிட்டால் வீட்டுக்காரர்கள் நினைப்பதைச் சொல்ல முடியாது. “இன்னும் எவ்வளவு நேரம் இருப்பீர்கள்” என்று கேட்க முடியாது. சர்க்கரை தீர்ந்துபோனதை வாய்விட்டுச் சொல்ல முடியாது. கணவன் மனைவியைப் பார்ப்பார், மனைவி அடுப்படியைப் பார்ப்பார், பிள்ளையின் தொடையில் ஒரு கிள்ளு விழும். கண்ஜாடை, கைஜாடை, தொண்டைக் கனைப்பு, பொய்ச் சிரிப்பு. விருந்தாளி வந்த கணத்திலேயே வீடு தானாக ஒரு மௌனப்படம் ஆகிவிடுகிறது. ஒலி இல்லாத சினிமாவுக்கு வேறெந்தக் கருவும் இவ்வளவு பொருந்தியிருக்காது. பேச முடியாத கலையும் பேசக் கூடாத சூழலும் அங்கே ஒன்றையொன்று கண்டுகொண்டன.

கதவடிக் காட்சியையே இன்னும் கொஞ்சம் பார்ப்போம். ஒலியே இல்லாத படத்தில் ஒருவர் சத்தம் போடாமல் இருக்கிறார் என்பதை எப்படிக் காட்டுவது? எல்லாரும்தான் சத்தமில்லாமல் இருக்கிறார்கள்! மௌனத்தைக் கண்ணுக்குக் காட்டியாக வேண்டும். அதனால் நடிகரின் உடம்பே மௌனத்தைச் சுமக்கிறது. ஹார்டி கனத்த உடம்புக்காரர். அந்த உடம்பு மூச்சை அடக்கிக்கொண்டு நிற்கும்போது, தூக்கிய கால் கீழே இறங்க அஞ்சும்போது, விரல் நுனிகள் மட்டும் பதறும்போது, நமக்கு அந்த அறையின் நிசப்தம் கேட்கிறது. ஹார்டியிடம் நான் வியப்பது இந்த நளினம்தான். பருமனானவர் விழுந்தால் சிரிப்பு வரும் என்பது யாருக்கும் தெரியும். பருமனானவர் விழாமல், அசையாமல், நாசூக்காக ஒளிந்திருந்தால் அதைவிடப் பெரிய சிரிப்பு வரும் என்பதைக் கண்டறிந்தவர்கள் இவர்கள்.

சீட்டு உள்ளே இழுக்கப்படுகிற அந்தக் கணத்தை எவ்வளவு சிக்கனமாகக் கட்டியிருக்கிறார்கள்! பொய் சொன்னவரின் முகம் தேவையில்லை, அகப்பட்டவரின் திடுக்கிடல் தேவையில்லை. ஒரு துண்டுக் காகிதத்தின் அசைவில் நட்பு, பொய், அவமானம் மூன்றும் வெளிப்பட்டுவிடுகின்றன. அதன் பிறகு கதவைத் திறக்காமல் இருக்க முடியாது. திறந்ததும் இன்னொரு நடிப்பு தொடங்குகிறது: நண்பனைக் கண்டதில் ஆனந்தம் என்ற நடிப்பு. லாரல் உள்ளே வருகிறார். ஜன்னலின் சுருள்திரை, கிராமபோன் என்று அவர் கைபட்ட பொருள்கள் வரிசையாகப் பாழாகின்றன. அவருக்குக் கெட்ட எண்ணம் துளியும் இல்லை. உதவி செய்ய எழுந்து எழுந்துதான் ஒவ்வொன்றையும் உடைக்கிறார். இறுதியில் மனைவி பொறுமை இழந்து இருவரையும் வெளியே துரத்த, அவர்கள் கோல்ஃப் மைதானத்துக்குப் போகிறார்கள்.

மைதானத்துக் காட்சிகளைப் பற்றி அதிகம் சொல்லப்போவதில்லை. இரண்டு பெண்களுக்கு சோடா வாங்கிக் கொடுக்கப் போய்க் காசு போதாமல் விழிக்கும் பகுதி அருமையானது. அதை மறுவருடமே ‘மென் ஓ’ வார்’ என்ற பேசும் படத்தில் மறுபடி எடுத்தார்கள். நடிகர் எட்கர் கென்னடியோடு தொடங்கி மைதானம் முழுக்கப் பரவும் சேற்றுச் சண்டையோடு படம் முடிகிறது. சண்டை நன்றாகவே இருக்கிறது. ஆனால் முதல் பாதியில் இருந்த கூர்மை அதில் இல்லை என்பது என் எண்ணம். சேற்றில் நிற்பவர்கள் ஒருவருக்கொருவர் அந்நியர்கள். அந்நியர் மேல் சேற்றை வீச மனத்தடை எதுவும் வேண்டாம்.

இந்த வேறுபாடு முக்கியமானது. அதைத் துல்லியமாகக் காட்ட 1929-ல் வந்த ‘பிக் பிசினஸ்’ படத்தைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். அதிலும் லாரலும் ஹார்டியும் அழைக்காமல் ஒரு வீட்டு வாசலுக்குப் போகிறார்கள். கலிஃபோர்னியாவின் வெயிலில் கிறிஸ்துமஸ் மரம் விற்கும் வியாபாரிகள் அவர்கள். வீட்டுக்காரர் ஜேம்ஸ் ஃபின்லேசன் வேண்டாம் என்று கதவைச் சாத்துகிறார். மரத்தின் கிளை கதவிடுக்கில் மாட்டிக்கொள்கிறது. மறுபடி மணி, மறுபடி கதவு. கடைசியில் அவர் இவர்களுடைய காரைப் பிய்த்துப்போட, இவர்கள் அவருடைய வீட்டை நொறுக்குகிறார்கள். அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இடம்பெற்ற படம் அது. ஒரு நியாயமான இடம். அந்தப் படத்தில் கதவைச் சாத்த யாருக்கும் கூச்சமில்லை. விற்க வந்தவனிடம் வேண்டாம் என்று சொல்லலாம், சொன்னபின் எல்லாம் வெளிப்படையான போர். நண்பன் வந்து நின்றால் கதவைச் சாத்த முடியாது, ஒளியத்தான் முடியும். முதலாவது கோபத்தின் நகைச்சுவை, இரண்டாவது கூச்சத்தின் நகைச்சுவை. இரண்டிலும் கதவு ஒன்றுதான், ஆனால் கூச்சத்தின் கதவுக்குப் பின்னால் ஒரு குடும்பமே தெரிகிறது.

இந்த அடக்கத்தை அதன் எல்லைவரை கொண்டுபோன படம் ஒன்று உண்டு. மௌனக் குறும்படங்களில் எனக்கு மிகப் பிரியமானது அதுவே. அதே ஹால் ரோச் நிறுவனம் 1928-ல் வெளியிட்ட ‘பாஸ் த கிரேவி’. இயக்கம் ஃப்ரெட் கியோல். மேற்பார்வை அங்கேயும் மெக்கேரிதான். நாயகன் மேக்ஸ் டேவிட்சன், தாடியும் அகன்ற கண்களும் கொண்ட யூத நகைச்சுவை நடிகர். அவர் பூச்செடி வளர்க்கிறார், பக்கத்து வீட்டுக்காரர் பரிசு வாங்கும் உயர்ரகக் கோழிகள் வளர்க்கிறார். கோழிகள் வேலி தாண்டி வந்து விதைகளைக் கிளற, இரு வீட்டுக்கும் தீராத பகை. இவர் பெண்ணுக்கும் அவர் பையனுக்கும் காதல். திருமணம் நிச்சயமாகிறது, சமாதானம். சம்பந்தி வீட்டாருக்கு இரவு விருந்து. கோழி வாங்கிவரச் சொல்லி மேக்ஸ் தன் மகனிடம் 2 டாலர் கொடுக்கிறார். மகன் பணத்தைப் பையில் போட்டுக்கொண்டு பக்கத்து வீட்டுச் சேவலையே பிடித்து அறுத்துவிடுகிறான். அது சாதாரணச் சேவல் இல்லை. பிரிகாம் என்று பெயர் சூட்டி, சம்பந்தி உயிராக வளர்த்த, முதல் பரிசு பெற்ற சேவல். சமைத்து மேசைக்கு வந்துவிட்டது. காலில் ‘முதல் பரிசு’ அட்டை தொங்குகிறது.

இப்போது அந்த மேசையை நினைத்துப் பாருங்கள். சம்பந்தி ஆசையோடு உண்ண அமர்ந்திருக்கிறார். மேக்ஸுக்கு விஷயம் தெரியாது, பெருமையோடு பரிமாறுகிறார். பெண்ணுக்கும் மாப்பிள்ளைக்கும் பையனுக்கும் தெரிந்துவிட்டது. விருந்தாளி அறியாமல் அப்பாவுக்குத் தெரிவிக்க வேண்டும். வாயைத் திறந்தால் கல்யாணம் நின்றுபோகும். கண்ணைக் காட்டுகிறார்கள், அவருக்குப் புரியவில்லை. கையைக் காட்டுகிறார்கள், புரியவில்லை. எழுந்து நின்று சேவலாகவே நடித்துக் காட்டுகிறார்கள். அவரோ பிள்ளைகள் விருந்தாளியை மகிழ்விக்க ஆடிப்பாடுகிறார்கள் என்று எண்ணிப் பூரிக்கிறார்.

மௌனப்படத்துக்குள் ஒரு மௌன நாடகம்! நடிகர்கள் பேசாததற்குத் தொழில்நுட்பம் காரணம் என்பதையே நாம் மறந்துபோகிறோம். அந்தக் காட்சியில் ஒலி இருந்திருந்தாலும் அவர்கள் பேசியிருக்க மாட்டார்கள். இந்த ஒரு காட்சிக்காகவே சொல்கிறேன்: ‘ஒலி வராத காலத்துக் குறைப்பட்ட சினிமா’ என்று மௌனப்படத்தைச் சொல்பவர்கள் இதைப் பார்த்துவிட்டுப் பேச வேண்டும். 1998-ல் இதையும் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தார்கள். ஆனாலும் லாரல் ஹார்டி அளவுக்கு மேக்ஸ் டேவிட்சனின் பெயர் நம்மிடம் வந்து சேரவில்லை. அது எனக்கு வருத்தம்.

மெக்கேரியைப் பற்றி இங்கே சொல்ல வேண்டும். சட்டம் படித்தவர், வழக்குரைஞர் தொழில் ஒட்டாமல் சினிமாவுக்கு வந்தவர். கல்வர் சிட்டியில் இருந்த ஹால் ரோச் படப்பிடிப்பகத்தில் முதலில் சார்லி சேஸ் படங்களை இயக்கினார். பின்னர் லாரலையும் ஹார்டியையும் ஜோடியாக வளர்த்தெடுத்ததில் பெரும் பங்கு அவருடையது. அதுவரை நகைச்சுவைக் குறும்படம் என்றால் ஓட்டம்தான். மேக் சென்னட்டின் கீஸ்டோன் போலீஸ்காரர்கள் ஓடிய ஓட்டத்தில் ஒரு முகத்தைக்கூட நின்று பார்க்க முடியாது. மெக்கேரியும் லாரலும் அந்த ஓட்டத்தை நிறுத்தினார்கள். ஒருவர் அடிப்பார், அடிபட்டவர் உடனே திருப்பி அடிக்க மாட்டார். நின்று யோசிப்பார். அடித்தவரும் மறுப்புச் சொல்லாமல் காத்திருப்பார். அதன் பிறகே பதிலடி. பார்வையாளர்களுக்கு முன்னோட்டமாகப் படத்தைப் போட்டுக் காட்டி, சிரிப்பு எங்கே எவ்வளவு நேரம் நீடிக்கிறது என்று கவனித்து, அதற்கேற்ப மறுபடி வெட்டி ஒட்டுவார்கள். அடுத்த சிரிப்பு முந்தைய சிரிப்பின் மேல் ஏறி அதை மூழ்கடித்துவிடக் கூடாது என்ற கணக்கு அது. விருந்தாளிக் கதைக்கு இந்த நிதானம் உயிர். விருந்தாளியோடு இருக்கும்போது நேரம் நகராது அல்லவா? ஓடும் படத்தில் அதைக் காட்டவே முடியாது.

நிதானத்தோடு இன்னொன்றும் வந்தது. ஹார்டி கேமராவைப் பார்ப்பது. லாரல் எதையாவது உடைத்ததும் ஹார்டி அவரைத் திட்டுவதற்கு முன் மெல்லத் திரும்பி நம்மைப் பார்ப்பார். முகத்தில் கோபம்கூட அதிகம் இருக்காது. ‘பார்த்தீர்களா, இதோடுதான் நான் வாழ்கிறேன்’ என்ற ஒரு களைப்பு. நாகரிகம் கருதி விருந்தாளியிடம் சொல்ல முடியாததை அவர் நம்மிடம் சொல்கிறார். இருட்டில் அமர்ந்திருக்கும் நாம்தான் அந்த வீட்டில் அவர் மனம்விட்டுப் பேசக்கூடிய ஒரே ஆள். அந்தப் பார்வை படத்துக்குள் நமக்கு ஒரு நாற்காலி போட்டுக் கொடுத்துவிடுகிறது.

பஸ்டர் கீட்டனின் வழி வேறு. அவர் வீட்டுக்காரரின் மனத்துக்குள் அதிகம் போவதில்லை; வீட்டையே நடிக்க வைத்துவிடுவார். 1920-ல் வந்த ‘ஒன் வீக்’ படத்தில் புதுமணத் தம்பதிக்குப் பரிசாக ஒரு வீடு கிடைக்கிறது. பெட்டிகளில் பாகம் பாகமாக வரும், எண்களைப் பார்த்துப் பூட்டிக்கொள்ள வேண்டிய வீடு. சியர்ஸ் நிறுவனம் 1908 முதல் விலைப்பட்டியல் அனுப்பி இத்தகைய வீடுகளை விற்றுவந்தது. இத்தகைய வீட்டைக் கட்டுவதைப் பற்றி ஃபோர்டு நிறுவனம் ஒரு விளம்பரப் படமும் எடுத்திருந்தது. கீட்டன் கேலிக்கு எடுத்துக்கொண்டது அதைத்தான். அந்தப் பெண்ணைக் காதலித்துத் தோற்ற ஒருவன் பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதிவிட, வீடு கோணல்மாணலாக எழும்புகிறது. 13-ஆம் தேதி வெள்ளிக்கிழமை கிரகப்பிரவேசம். விருந்தினர் வருகிறார்கள். மழை கூரை வழியே உள்ளே பெய்கிறது. புயல் அடிக்கிறது. வீடு சுழல ஆரம்பிக்கிறது. உள்ளே விருந்தினர் சுவருக்குச் சுவர் தூக்கி எறியப்படுகிறார்கள். வெளியே போய்விட்ட கீட்டன் சுழலும் வீட்டின் கதவுக்குள் பாய்ந்து நுழையப் படாதபாடு படுகிறார். சுழல்மேடையின் மேல் உண்மையாகவே ஒரு வீட்டைக் கட்டிச் சுற்ற விட்டார்கள்.

கீட்டனின் மேதைமையை நான் குறைத்துச் சொல்லவில்லை. வெள்ளிக்கிழமைக் காட்சியைப் பார்க்கும்போதெல்லாம் எப்படி எடுத்தார்கள் என்று மலைத்துப் போகிறேன். ஆனால் அங்கே விருந்தினருக்குத் தனி முகம் இல்லை, அவர்கள் சுழலும் பொருள்கள். புதுவீட்டைப் பிறர் பார்க்கிறார்களே என்ற இளம் தம்பதியின் தவிப்பு ஒரு நொடி மின்னி மறைகிறது. அந்தத் தவிப்பை எடுத்துக்கொண்டு இருபது நிமிடம் போகத் தெரிந்தவர்கள் ரோச் குழுவினர்.

விருந்தாளியே வீட்டுக்காரர் வேடம் போட்டால்? அதற்கும் ஒரு படம் இருக்கிறது. 1927-ன் ‘டக் சூப்’. மார்க்ஸ் சகோதரர்களின் பெயர்பெற்ற படத்துக்கும் இதுவே பெயர். அதற்கு ஆறு ஆண்டுகள் முந்தையது இது. காட்டுத்தீயை அணைக்க ஊர்சுற்றிகளைப் பிடித்துப் போகிறார்கள். அதற்குத் தப்பி ஓடும் லாரலும் ஹார்டியும் உரிமையாளர் வெளியூர் போயிருக்கும் ஒரு மாளிகைக்குள் புகுந்துவிடுகிறார்கள். அந்த நேரத்தில் வீட்டை வாடகைக்குப் பார்க்க ஒரு கணவனும் மனைவியும் வருகிறார்கள். ஹார்டி எஜமானர் ஆகிறார். லாரல் ஏப்ரன் கட்டிய வேலைக்காரப் பெண் ஆகிறார். உண்மையான உரிமையாளர் திரும்பி வந்ததும் எல்லாம் குலைகிறது. இந்தக் கதை லாரலின் தந்தை ஆர்தர் ஜெஃபர்சன் இங்கிலாந்தில் எழுதிய ஒரு மேடை நாடகத் துணுக்கிலிருந்து வந்தது. அவர் நாடகக்காரர், அரங்குகள் நடத்தியவர். லாரல் இளவயதில் ஃப்ரெட் கார்னோவின் குழுவில் சாப்ளினுக்கு மாற்று நடிகராக இருந்து, 1910-ல் அவரோடு அமெரிக்கா போனவர். ஆக, கதவைத் தட்டிவிட்டு விழிக்கும் அந்த அப்பாவி விருந்தாளியின் பின்னால் ஆங்கில மேடையின் நீண்ட பயிற்சி இருக்கிறது. ‘டக் சூப்’ தொலைந்துபோன படம் என்றே பல பத்தாண்டுகள் கருதப்பட்டு, பிறகு கிடைத்தது. ரோச் நிறுவனமே 1930-ல் அதைப் பேசும் படமாக மறுபடி எடுத்தது.

நம் மொழியில் 1987-ல் ‘பேசும் படம்’ என்ற பெயரில் வந்த சிங்கீதம் சீனிவாசராவின் படத்தைப் பார்த்தவர்களுக்கு இந்தச் சரடு புதிதாகத் தோன்றாது. ஒரு வார்த்தை வசனம் இல்லாமல், தனக்கு உரிமையில்லாத நட்சத்திர ஹோட்டல் அறையில் விருந்தாளியாக வாழும் வேலையில்லா இளைஞனின் கதை. கமல்ஹாசன் அதில் பரிசுப்பொட்டலத்தைச் சுமந்துகொண்டு நடக்கும் முகபாவத்தில் இந்தப் பழைய பள்ளியின் பாடம் தெரிகிறது.

ஒலி வந்தபின் என்ன ஆயிற்று? 1931-ல் ‘கம் கிளீன்’ என்ற பேசும் குறும்படத்தில் லாரலும் ஹார்டியும் தங்கள் கதவடிக் காட்சியைத் திரும்பவும் நடித்தார்கள். இம்முறை லாரல் தன் மனைவியோடு வருகிறார். ஹார்டி தம்பதி வீட்டில் இல்லாதது போல் ஒளிகிறார்கள். நல்ல படம்தான். உண்மையான நிசப்தம், உண்மையான கிசுகிசுப்பு எல்லாம் இப்போது கிடைத்துவிட்டன. ஆனால் எனக்கு 1928-தான் உயர்ந்ததாகப் படுகிறது. காதுக்கு நிசப்தம் கிடைத்ததும் உடம்பு அதைச் சுமக்கும் வேலையிலிருந்து கொஞ்சம் ஓய்வு எடுத்துக்கொண்டது.

அந்தப் பழைய கலை வீணாகவில்லை. அது எங்கே போயிற்று என்பதைச் சொல்லாவிட்டால் இந்தப் பேச்சு பாதியில் நிற்கும். மெக்கேரி 1937-ல் ‘மேக் வே ஃபார் டுமாரோ’ எடுத்தார். வயதான தம்பதி, வங்கிக் கடனில் வீடு போய்விட்டது. பிள்ளைகள் ஐந்து பேர். இருவரையும் சேர்த்து வைத்துக்கொள்ள ஒருவராலும் முடியவில்லை. தாய் ஒரு மகன் வீட்டுக்கு, தந்தை வேறொரு ஊரில் இருக்கும் மகள் வீட்டுக்கு. பெற்றோர் அழையா விருந்தாளிகள் ஆகிவிட்டார்கள்.

அதில் ஒரு காட்சி. மருமகள் வீட்டில் சீட்டாட்ட வகுப்பு நடத்துகிறார். முன்னறை நிறைய மேசைகள், நல்ல உடை உடுத்தியவர்கள் அமைதியாக ஆடிக்கொண்டிருக்கிறார்கள். பாட்டி வந்து தன் ஆடுநாற்காலியில் அமர்கிறார். நாற்காலி கிரீச்சிடுகிறது. ஆடுபவர்கள் நிமிர்ந்து பார்க்கிறார்கள். மறுபடி கிரீச். மருமகள் விருந்தினர் முன் எதுவும் சொல்ல முடியாமல் கண்ணால் கணவனைத் தேடுகிறார். இது அப்படியே 1928-ன் இலக்கணம்: இருக்கக் கூடாத நேரத்தில் இருக்கும் ஒருவர், கெடுக்கும் எண்ணமில்லாமல் அவர் செய்யும் கெடுதல், சொல்லத் தடுக்கும் நாகரிகம், அடுத்தது வருவதற்கு முன் ஒரு காத்திருப்பு. நாம் சிரிக்கிறோம். பிறகு தொலைபேசி ஒலிக்கிறது. தூரத்தில் இருக்கும் கணவர் பேசுகிறார். கருவியில் கத்திப் பேசினால்தான் கேட்கும் என்று நினைக்கும் தலைமுறை. பாட்டி அறை முழுக்கக் கேட்கும்படி அவருடைய உடம்பை விசாரிக்கிறார், குளிருக்குக் கவனமாக இருக்கச் சொல்கிறார். சீட்டைக் கையில் பிடித்தபடி அத்தனை பேரும் வேண்டாமலே கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். சிரிப்பு எந்த நொடியில் நின்றது என்று நமக்கே தெரியாது.

நகைச்சுவைக் காட்சியைத் துளியும் மாற்றாமல், இன்னும் சில விநாடிகள் கூடுதலாக ஓடவிட்டால் அது துயரம் ஆகிறது என்பதை மெக்கேரி அறிந்திருந்தார். சிரிப்பின் நீளத்தை அளந்து வெட்டிய கை அல்லவா? படம் வசூலில் தோற்றது. அதே வருடம் வந்த ‘தி ஆஃபுல் ட்ரூத்’ படத்துக்காக அவருக்குச் சிறந்த இயக்குநருக்கான ஆஸ்கார் கிடைத்தபோது, தவறான படத்துக்குக் கொடுத்துவிட்டீர்கள் என்று அவர் சொன்னது பிரசித்தம். ஜப்பானிய இயக்குநர் ஓசுவின் திரைக்கதை ஆசிரியர் கோகோ நோடா மெக்கேரியின் படத்தை அறிந்திருந்தார். 1953-ன் ‘டோக்கியோ ஸ்டோரி’யில் பிள்ளைகளைப் பார்க்க வந்து, எந்த வீட்டிலும் இடைஞ்சலாகிப்போகும் அந்த முதிய பெற்றோர் அதே சரட்டில் வருகிறவர்கள். ஓசுவும் மௌனக் காலத்தில் நகைச்சுவை எடுத்துக் கைபழகியவர்தான். மௌனப்பட நகைச்சுவை நடிகர் ஹெரால்டு லாயிடை மிகவும் விரும்பியவர்.

இந்தப் படங்களை இவ்வளவு நேசிக்கும் நான் ஒரு குறையையும் சொல்ல வேண்டும். 1928-ன் படத்தில் கே டெஸ்லிஸ் ஏற்ற மனைவி பாத்திரத்துக்கு நியாயம் கிடைக்கவில்லை. விருந்தாளி வந்தால் வேலை கூடுவது அவருக்கு. உடைந்த பொருள்களைப் பெருக்க வேண்டியவர் அவர். ஆனால் படம் அவரைச் சிடுமூஞ்சி ஆக்கி, ஆண்கள் இருவரையும் சிறுபிள்ளைகளாக வெளியே விளையாட அனுப்பிவிட்டு, அவரை வீட்டோடு விட்டுவிடுகிறது. அதன் பின் படம் முடியும்வரை அவரைப் பார்க்க முடியாது. அந்தக் காலத்துக் குறும்படங்களில் மனைவிகளின் கதி பெரும்பாலும் இதுதான். ‘ஒன் வீக்’ படத்தில் சிபில் சீலி சுத்தியலும் கையுமாகக் கணவனோடு வீடு கட்டுகிறாரே, அந்த வகையில் கீட்டன் ரோச் குழுவைவிட ஒரு படி மேலே நிற்கிறார்.

மெக்கேரி இந்தக் கடனை 1937-ல் தீர்த்தார் என்றே நான் கருதுகிறேன். சீட்டாட்ட வகுப்பு நடத்தும் அந்த மருமகள் அனிதாவை மோசமான மருமகள் என்று காட்டுவது எவ்வளவு சுலபம்! மெக்கேரி அப்படிச் செய்யவில்லை. அந்த வகுப்பின் வருமானம் குடும்பத்துக்குத் தேவை. கல்லூரி வயது மகளுடைய அறையைப் பாட்டி பங்கிட்டுக்கொள்ள வேண்டியிருக்கிறது. அதனால் மகள் தோழர்களை வீட்டுக்கு அழைத்துவராமல் வெளியே சந்திக்கத் தொடங்கிவிட்டாள். அந்தக் கவலையும் அனிதாவுக்குத்தான். பாட்டியின் பக்கம் நின்று கண் கலங்கும் அதே நேரத்தில் அனிதாவின் தலைவலியும் நமக்குத் தெரிகிறது. படம் யாரையும் தண்டிப்பதில்லை. 1928-ல் கதவுக்கு வெளியே நின்ற லாரல்மேலும் உள்ளே ஒளிந்த ஹார்டிமேலும் ஒரே அளவு பிரியம் காட்டிய கேமரா, ஒன்பது ஆண்டுகளில் வீட்டுப் பெண்ணிடமும் அந்தப் பிரியத்தோடு வந்து சேர்ந்திருக்கிறது.

சற்று நேரத்தில் இங்கே ‘பாஸ் த கிரேவி’யும் ‘ஷுட் மேரீட் மென் கோ ஹோம்?’ படமும் திரையிடப்படுகின்றன. குழந்தைகளை முன்வரிசைக்கு அழைத்துக்கொள்ளுங்கள். இடையில் வரும் எழுத்து அட்டைகள் ஆங்கிலத்தில் இருக்கும். அவர்களுக்குப் படித்துச் சொல்ல வேண்டாம். சேவல் யாருடையது என்று மேசையில் இருக்கும் இரண்டு அப்பாக்களைத் தவிர மற்ற எல்லாருக்கும் புரிந்துவிடும்.